லாகோஸில் வாடகைக்கு ஓர் அறை: ஐந்து நாவல்கள், ஒரு நகரம்

(எபிசோடின் ஒலிப்பதிவிலிருந்து, படிக்க வசதியாகத் திருத்திச் சுருக்கிய எழுத்து வடிவம். கதை முடிவுகள் சில இதில் வருகின்றன.)

ஆப்பிரிக்க நாவல்னு சொன்னதும் நம்மில் பலருக்கு மனசுல வர்றது ஒரு கிராமம். மண் சுவர் வீடுகள், கிழங்கு அறுவடை, ஊர்ப் பெரியவர்கள் கூடும் திடல், அப்புறம் ஒரு வெள்ளைக்காரப் பாதிரியார். இதுக்குப் பெரிய அளவில் காரணம் ஒரே ஒரு புத்தகம். சினுவா ஆச்செபேயின் 'திங்ஸ் ஃபால் அபார்ட்', 1958-இல் வந்தது. தமிழில் 'சிதைவுகள்' என்ற பெயரில் படிச்சிருப்பீங்க.

ஆனா அந்தப் புத்தகம் எங்கே உட்கார்ந்து எழுதப்பட்டது தெரியுமா? ஆச்செபே 1954-இல் லாகோஸ் நகரத்துக்கு வேலைக்கு வந்தவர். நைஜீரிய வானொலியில் உத்தியோகம். பகலில் ஆபீஸ், மீதி நேரத்தில் எழுத்து. அதாவது, உலகத்திலேயே அதிகம் படிக்கப்பட்ட ஆப்பிரிக்கக் கிராமத்து நாவல், ஒரு பெருநகரத்து மாதச் சம்பளக்காரர் எழுதியது.

கிராமத்து நாவல்கள் பற்றி நிறைய பேசியாச்சு. இன்னைக்கு நகரத்தைப் பேசலாம். ஆப்பிரிக்கா முழுக்க எடுத்தா ஒரு எபிசோடில் அடங்காது. அதனால ஒரே நகரம், லாகோஸ். ஐந்து நாவல்கள். அவற்றைப் படிக்க ஒரே ஒரு கேள்வி: இந்த ஆள் எங்கே தங்கியிருக்கான், அதுக்கு யாருக்கு, எவ்வளவு கொடுக்குறான்?

வாடகைங்கிறது ரொம்பச் சின்ன விஷயமாத் தோணலாம். ஆனா இந்த நாவல்களை வரிசையா வச்சுப் பார்த்தா, காதல், லஞ்சம், குடும்பம், அரசியல் எல்லாமே கடைசியில் ஓர் அறையின் கதவுக்கு வந்து நிற்குது.

முதல்ல ஊரைப் பார்த்துடலாம்

லாகோஸின் பிரச்சினை புவியியலில் இருந்தே ஆரம்பிக்குது. ஒரு பக்கம் அட்லாண்டிக் கடல், இன்னொரு பக்கம் காயல். பழைய நகரம் ஒரு தீவில் இருக்கிறது. அதைச் சுற்றிச் சதுப்பு நிலம். அதனால கட்டடம் கட்டத் தோதான உலர்ந்த மண் எப்பவுமே குறைவு.

ஆனா ஆட்கள் வந்துகிட்டே இருந்தாங்க. 1914-இல் பிரிட்டிஷார் நைஜீரியாவின் தெற்கையும் வடக்கையும் ஒன்றாக இணைத்தபோது லாகோஸ் தலைநகரம் ஆனது. 1991-இல் அபுஜாவுக்கு மாறும் வரை அதுதான் தலைநகரம். துறைமுகம், ரயில், அரசாங்க ஆபீஸ் எல்லாம் அங்கேதான். 1950 கணக்கெடுப்பில் நகரத்தின் மக்கள்தொகை சுமார் 2.3 லட்சம். இன்னைக்கு மதிப்பீடுகள் ஒன்றரைக் கோடியைத் தொடுது.

இவ்வளவு பேர் எங்கே தங்குவாங்க? அங்கே ஒரு வகை வீடு உண்டு. நடுவில் ஒரு நீளமான நடை, இரண்டு பக்கமும் எதிரெதிராக அறைகள், ஓர் அறைக்கு ஒரு குடும்பம், கழிப்பறையும் சமையலிடமும் பொது. நம்ம ஊரில் ஒண்டுக் குடித்தனம்னு சொல்வோமே, அது மாதிரி. லாகோஸில் இதுக்கு 'ஃபேஸ் மீ, ஐ ஃபேஸ் யூ'ன்னு பேர். என் கதவு உன் கதவைப் பார்க்குது, அவ்வளவுதான். இந்த எபிசோடில் வர்ற பல ஆட்கள் இந்த மாதிரி கதவுகளுக்குப் பின்னாடிதான் வாழ்றாங்க.

1954: வீட்டுக்காரர் லஜிடே

ஆச்செபேவுக்கு முன்பே லாகோஸை நாவலாக்கியவர் சிப்ரியன் எக்வென்சி. 1921-இல் பிறந்தவர். தொழிலால் மருந்தாளுநர். எழுத வந்த வழி இன்னும் சுவாரசியம். நைஜர் ஆற்றங்கரையில் ஒனிட்ஷா என்று ஒரு பெரிய சந்தை நகரம். அங்கே காய்கறி, துணி, சைக்கிள் சாமான்களோடு சின்னச் சின்னப் புத்தகங்களும் விற்பனைக்கு வந்தன. காதல் கடிதம் எழுதுவது எப்படி, பணம் சேர்ப்பது எப்படி, நகரத்துப் பெண்களிடம் ஏமாறாமல் இருப்பது எப்படி, இந்த மாதிரி விஷயங்கள். ஒகாலி ஏ. ஒகாலி 1956-இல் எழுதிய 'வெரோனிகா மை டாட்டர்' போன்றவை பரபரப்பாக விற்றன. புதுசாகப் படிக்கக் கற்றுக்கொண்டு, புதுசாக நகரத்துக்கு வந்த இளைஞர்கள்தான் வாசகர்கள். இந்தச் சந்தை இலக்கியத்துக்கு முன்னோடிகளில் ஒன்று எக்வென்சி 1948-இல் எழுதிய 'வென் லவ் விஸ்பர்ஸ்'.

அவருடைய முதல் பெரிய நாவல் 'பீப்பிள் ஆஃப் தி சிட்டி', 1954. நாயகன் அமுசா சாங்கோ. பகலில் பத்திரிகையில் குற்றச் செய்தி எழுதுபவன், இரவில் ஒரு கிளப்பில் இசைக்குழு நடத்துபவன். மொலோமோ தெருவில் இருபதாம் எண் வீட்டில் ஓர் அறை. வீட்டுக்காரர் பெயர் லஜிடே.

இந்த லஜிடே ஒரு நாள் சாங்கோவை அறையை விட்டு வெளியே அனுப்பிடுறார். அதுக்கப்புறம் கதையின் வேகமே மாறுது. தலை சாய்க்க இடம் இல்லாதவன் பகலில் எப்படி ஒழுங்கா வேலை பார்ப்பான்? இசைக்குழு வாய்ப்பு போகுது, பத்திரிகை வேலையும் போகுது. கடைசியில் அவன் மனைவியோடு கோல்ட் கோஸ்ட்டுக்கு, அதாவது இன்றைய கானாவுக்குக் கிளம்புறான்.

கவனிங்க, இங்கே பெரிய வில்லன் யாரும் கிடையாது. அறை என்பது ஒரு சாய்ப்புக் கல் மாதிரி. அதை உருவிட்டா மேலே அடுக்கினது எல்லாம் சரியுது. நம்ம துறையில இதை 'சிங்கிள் பாயிண்ட் ஆஃப் ஃபெயிலியர்'னு சொல்வோம். எக்வென்சிக்கு அந்த வார்த்தை தேவைப்படல.

இந்த நாவல் வந்த அடுத்த வருஷமே, 1955-இல், லாகோஸ் தீவின் மையத்தில் 'சேரி அகற்றம்' தொடங்கியது. செய்தது லாகோஸ் செயல் வளர்ச்சி வாரியம். 1920-களில் நகரத்தில் பிளேக் பரவிய பிறகு, 1928-இல் அமைக்கப்பட்ட அமைப்பு அது. வீடு இழந்தவர்களில் பலர் நிலப்பகுதியில் இருந்த சுருலேரேவுக்கு அனுப்பப்பட்டார்கள். தீவில் வியாபாரம் செய்து பிழைத்தவர்களுக்கு அது வெறும் முகவரி மாற்றம் இல்லை. வாடிக்கையாளர்களும் சொந்தபந்தமும் தூரமாகிப் போனது.

எக்வென்சியை விட்டுப் போறதுக்கு முன்னாடி இன்னொரு விஷயம். 1961-இல் அவர் 'ஜாகுவா நானா' எழுதினார். நாயகிக்கு வயசு நாற்பத்தைந்து. ஜாகுவார் கார் மாதிரி மிடுக்கானவள் என்பதால் அந்தப் பெயர். அவளும் அவளுடைய இளம் காதலன் ஃப்ரெடியும் தங்களுக்குள் பிட்ஜின் ஆங்கிலத்தில்தான் பேசிக்கொள்கிறார்கள். தாய்மொழியில் பேசினால் ஊரும் குலமும் வழக்கமும் நடுவில் வந்து உட்கார்ந்துவிடும் என்ற கூச்சம். ஊர் விட்டு ஊர் வந்தவர்கள் ஒரு புது மொழிக்குள்ளும் ஓர் அறை எடுத்துக்கொள்கிறார்கள்.

1960: ஓபியின் மாதக் கணக்கு

சரி, இப்போ கால்குலேட்டரை எடுங்க. நைஜீரியா சுதந்திரம் அடைந்த 1960-இல் ஆச்செபேயின் இரண்டாவது நாவல் வந்தது, 'நோ லாங்கர் அட் ஈஸ்'. 'சிதைவுகள்' நாயகன் ஒகொன்குவோவின் பேரன்தான் இதில் நாயகன். பெயர் ஓபி. இங்கிலாந்தில் பட்டம் படித்துத் திரும்புகிறான், லாகோஸில் அரசு வேலை. நாவலின் முதல் காட்சியே நீதிமன்றம். லஞ்சம் வாங்கிய குற்றத்துக்காக ஓபி நிற்கிறான். இவ்வளவு படித்தவன் எப்படி இப்படி ஆனான் என்பதுதான் கேள்வி.

ஆச்செபே பதிலை எண்களாகக் கொடுத்திருக்கிறார். லாகோஸில் வேலை பார்க்கும் உமுவோஃபியா கிராமத்துக்காரர்களுக்கு ஒரு சங்கம் இருக்கிறது. லாகோஸில் இது மாதிரி ஊர்ச் சங்கங்கள் நிஜமாகவே ஏராளம். அந்தச் சங்கம் பணம் திரட்டி, 800 பவுண்டு கடன் கொடுத்துத்தான் ஓபியை இங்கிலாந்துக்கு அனுப்பியது.

இப்போ அவன் சம்பளம் மாதம் 47 பவுண்டுக்குக் கொஞ்சம் மேலே. சங்கக் கடனுக்கு மாதம் 20. கிராமத்தில் இருக்கும் அப்பா அம்மாவுக்கு 10. மிச்சம் 17-க்குக் கொஞ்சம் மேலே. அதிலிருந்து கார், பெட்ரோல், கரண்ட் பில், வீட்டு வேலையாள் சம்பளம், தம்பியின் பள்ளிக் கட்டணம். திடீர்னு ஒரு நாள் கார் இன்ஷூரன்ஸ் 40 பவுண்டு கட்டணும்னு காகிதம் வருது. மிச்சம் இருக்கிற 17-ஐ முழுசா ஒதுக்கினாலும் இரண்டு மாதத்துக்கு மேல் ஆகும்.

கல்விக் கடன் இஎம்ஐ கட்டிக்கிட்டே ஊருக்கும் பணம் அனுப்புறவங்களுக்கு இந்தப் பட்டியலை விளக்கத் தேவையில்லை.

'கார் எதுக்கு? வித்துடலாமே?'ன்னு தோணும். இங்கேதான் வீடு உள்ளே வருது. ஓபி குடியிருப்பது இகோயியில். காலனி காலத்தில் ஐரோப்பியர்களுக்காக ஒதுக்கப்பட்ட பகுதி அது. பெரிய மரங்கள், அமைதி, பங்களாக்கள். அந்த முகவரி அவனுக்கு ஒரு வேஷத்தையும் சேர்த்துக் கொடுக்கிறது. இகோயியில் இருப்பவன் காரில்தான் போகணும், வேலையாள் வச்சிருக்கணும். சங்கமும் அதைத்தான் எதிர்பார்க்கிறது. நம்ம பையன் வெள்ளைக்காரனுக்குச் சமமா வாழ்றான்னு பெருமைப்படத்தான் அவங்க காசு போட்டது. அவன் சிக்கனமா வாழ்ந்தா அவங்களுக்கு அவமானம்.

இப்போ நாவலின் மையமான காட்சி. கடனைத் திருப்ப ஆரம்பிக்க நான்கு மாதம் அவகாசம் வேணும்னு ஓபி சங்கத்தில் கேட்கிறான். அவங்களும் சம்மதிக்கிற மனநிலையில்தான் இருக்காங்க. அந்த நேரத்தில் தலைவர் அவன் காதலி கிளாராவைப் பற்றிப் பேச்சை எடுக்கிறார். கிளாரா 'ஓசு' குலத்தவள். இக்போ சமூகத்தில் பிறப்பாலேயே ஒதுக்கி வைக்கப்பட்ட பிரிவு. அவள் பெயர் அந்தச் சபையில் அடிபடுவதை ஓபியால் தாங்க முடியல. எழுந்து கத்துகிறான். உங்க அவகாசமே வேண்டாம், இந்த மாதக் கடைசியிலிருந்தே கட்டுறேன்னு வெளியேறுகிறான்.

அந்த ஒரு நிமிஷத்தில் அவன் பட்ஜெட் உடைந்துபோகிறது. உடைத்தது பேராசை இல்லை, மானம். அதுவும் நியாயமான மானம். அவன் கடைசியில் மாட்டிக்கொள்ளும் லஞ்சத் தொகை எவ்வளவு தெரியுமா? 20 பவுண்டு. சங்கத்துக்கு அவன் கட்ட வேண்டிய ஒரு மாதத் தவணை.

1979: ஒரே அறையில் இரண்டு மனைவிகள்

இதுவரை பார்த்த இரண்டு நாவல்களும் சம்பளம் வாங்கும் ஆண்களின் கதை. சம்பளம் கையில் வராத ஒருத்திக்கு இதே நகரம் எப்படி இருக்கும்? புச்சி எமெச்செட்டா 1944-இல் லாகோஸில் பிறந்தவர். அவருடைய 'தி ஜாய்ஸ் ஆஃப் மதர்ஹுட்' 1979-இல் வந்தது.

கதை 1934-இல் தொடங்குகிறது. நு ஈகோ என்ற பெண் லாகோஸின் கார்ட்டர் பாலத்தை நோக்கி ஓடுகிறாள். அவளுடைய முதல் குழந்தை இறந்துவிட்டது. பாலத்திலிருந்து குதிக்கப் போகிறாள். அவளைக் காப்பாற்றுகிறார்கள். அவள் கணவன் நைஃபே, யாபா பகுதியில் ஒரு வெள்ளைக்காரர் வீட்டில் துணி துவைப்பவன். பின்னாளில் அவனுடைய அண்ணன் இறந்துபோக, வழக்கப்படி அண்ணன் மனைவி அடாகுவும் இவனுக்கு மனைவியாக லாகோஸுக்கு வந்துவிடுகிறாள்.

கிராமத்தில் இது வேற மாதிரி நடக்கும். ஒவ்வொரு மனைவிக்கும் தனிக் குடிசை, தனித் தோட்டம், தனிச் சமையல். மூத்தவளுக்கு ஒரு மரியாதை. லாகோஸில் இருப்பது ஓர் அறை. இரண்டு மனைவிகள், பிள்ளைகள், கணவன் எல்லோரும் அதற்குள்தான். கிராமத்து வழக்கம் அப்படியே நகரத்துக்கு வந்துவிட்டது; அதைத் தாங்கிய இடம் மட்டும் வரவில்லை. எமெச்செட்டா இதைத் தத்துவமாகச் சொல்வதில்லை. இரவில் அந்த அறையில் யார் காதில் என்ன சத்தம் விழுகிறது என்பதை எழுதுகிறார். படிக்கிற நமக்கு மூச்சு முட்டும்.

இன்னொரு கணக்கும் மாறுது. கிராமத்தில் பிள்ளை என்றால் வயலுக்கு இரண்டு கைகள். நகரத்தில் பிள்ளை என்றால் பள்ளிக் கட்டணம். நைஃபேயை இரண்டாம் உலகப் போருக்குப் படையில் பிடித்துக்கொண்டு போய்விடுகிறார்கள். நு ஈகோ தெருவில் சிகரெட்டும் தீப்பெட்டியும் விற்றுப் பிள்ளைகளைப் படிக்க வைக்கிறாள். மூத்தவன் அமெரிக்காவுக்கும் அடுத்தவன் கனடாவுக்கும் போகிறார்கள். அவள் கடைசியில் கிராமத்துக்குத் திரும்பி, சாலையோரத்தில் தனியாக இறக்கிறாள். அதன்பிறகு பிள்ளைகள் ஆடம்பரமாகக் கருமாதி செய்கிறார்கள். புத்தகத்தின் தலைப்பை அப்போதுதான் நாம் திரும்பிப் பார்க்கிறோம்.

2004: மரோகோ

அடுத்தது கிரிஸ் அபானியின் 'கிரேஸ்லேண்ட்', 2004. கதை நடப்பது 1983 லாகோஸில். நாயகன் பதினாறு வயசு எல்விஸ். அமெரிக்கப் பாடகர் எல்விஸ் பிரெஸ்லி மாதிரி வேஷம் போட்டுக் கடற்கரையில் வெளிநாட்டவர்கள் முன் ஆடிக் காசு சம்பாதிக்க முயல்பவன். குடியிருப்பது மரோகோ. சதுப்பு நிலத்தின் மேல் பலகைகள் போட்டு எழுப்பிய குடியிருப்பு. நாவலின் கடைசியில் அரசாங்கம் புல்டோசர்களை அனுப்புகிறது. எல்விஸின் அப்பா சண்டே அவற்றை எதிர்த்து நின்று உயிரை விடுகிறார்.

மரோகோ கற்பனை ஊர் இல்லை. விக்டோரியா தீவுக்கும் இகோயிக்கும் பக்கத்தில் உண்மையிலேயே இருந்தது. 1990 ஜூலையில், ராணுவ ஆளுநர் ராஜி ரசாக்கியின் ஆட்சியில், அது இடித்துத் தரைமட்டமாக்கப்பட்டது. வீடு இழந்தவர்கள் சுமார் 3 லட்சம் பேர். 1950-இல் மொத்த லாகோஸின் மக்கள்தொகையை விட அதிகம். நிலம் தாழ்வாக இருக்கிறது, வெள்ளம் வரும் என்பது சொல்லப்பட்ட காரணங்களில் ஒன்று. இன்றைக்கு அந்த நிலத்திலும் சுற்றிலும் நகரத்தின் விலை உயர்ந்த வீடுகள் நிற்கின்றன. வெள்ளம் பணக்காரர்களைப் பார்த்து ஒதுங்கிப் போகும் போல.

மாற்று வீடு கொடுத்தார்களா என்றால், வீட்டு உரிமையாளர் என்று அங்கீகரிக்கப்பட்ட கொஞ்சம் பேருக்கு மட்டும். வாடகைக்கு இருந்தவர்களுக்கு எதுவும் இல்லை. அவர்களிடம் காட்ட ஒரு பத்திரமும் கிடையாது.

இது பழங்கதையும் இல்லை. 2016 நவம்பரிலிருந்து 2017 ஏப்ரல் வரை, காயல் ஓரத்தில் இருந்த ஒட்டோடோ பாமே என்ற மீனவர் குடியிருப்பு இடிக்கப்பட்டு, 30,000-க்கும் மேற்பட்டவர்கள் வெளியேற்றப்பட்டார்கள். அந்த வெளியேற்றம் அரசியலமைப்புக்கு எதிரானது என்று 2017 ஜூனில் லாகோஸ் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தீர்ப்பு வந்தபோது அங்கே வீடுகள் இல்லை.

2013: இரண்டு வருஷ வாடகை

கடைசிப் புத்தகம் உங்களில் பலர் படித்திருக்கக்கூடியது. சிமமாண்டா எங்கோசி அடிச்சியின் 'அமெரிக்கானா', 2013. இதை அமெரிக்காவில் இனம் பற்றிய நாவல், தலைமுடி பற்றிய நாவல் என்றெல்லாம் பேசுவோம். அது சரிதான். ஆனா கடைசிப் பகுதி லாகோஸ் நாவல். நாயகி இஃபெமெலு அமெரிக்காவிலிருந்து திரும்பி வந்து இகோயியில் வீடு எடுக்கிறாள். அதே இகோயி, ஓபி இருந்த இகோயி.

வீட்டுக்காரர் முதலில் சொல்வது: இக்போ ஆட்களுக்கு வீடு கொடுப்பதில்லை. அப்புறம் அவளுக்காக விதியைத் தளர்த்துகிறார். இரண்டு வருஷ வாடகையை மொத்தமாக முன்கூட்டியே கொடுக்கணும். காசோலை எழுதும்போது அவளுக்கு ஒன்று தோன்றுகிறது: இந்த ஊரில் மக்கள் ஏன் லஞ்சம் வாங்குகிறார்கள் என்பது இதோ புரிகிறது, நேர்மையாகச் சம்பாதிக்கிறவன் எப்படி இரண்டு வருஷ வாடகையை ஒரே தடவையில் எடுத்து வைப்பான்?

ஓபி நீதிமன்றத்தில் நின்று ஐம்பது வருஷத்துக்கும் மேலாச்சு. அவன் வழக்குக்கான விளக்கத்தை இன்னொரு நாவலின் பாத்திரம், அதே இகோயியில் நின்று, செக் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு யோசிக்கிறாள்.

அடிச்சி மிகைப்படுத்தவும் இல்லை. புதிய வாடகைதாரரிடம் ஒரு வருஷத்துக்கு மேல் முன்பணம் கேட்கக்கூடாது என்று லாகோஸ் மாநிலம் 2011-இல் ஒரு வாடகைச் சட்டமே போட வேண்டியிருந்தது.

இதுக்கு நாவல் எதுக்கு, அறிக்கை போதாதா?

நியாயமான கேள்வி. நகரமைப்பு ஆய்வுகள் இருக்கு, நீதிமன்ற ஆவணங்கள் இருக்கு. தரவு வேணும்னா அங்கேயே போகலாமே?

என் பதில் ஓபியின் அந்த நான்கு மாத அவகாசம். அவன் வரவு செலவை ஒரு ஸ்ப்ரெட்ஷீட்டில் போட்டால், அவன் என்ன செய்யணும்னு உடனே தெரிஞ்சிடும்: அவகாசத்தை வாங்கிக்கோ, காரை வித்துடு. அவன் செய்தது அதுக்கு நேர் எதிர். ஏன் என்பது எந்தக் கட்டத்திலும் இல்லை. அது கிளாராவின் பெயரைச் சொன்ன தலைவரின் குரலில் இருக்கு. தன் ஊர்க்காரர்கள் கொடுத்த காசில் படித்தவன், அதே ஊர்க்காரர்களின் சாதிக் கட்டுப்பாட்டை ஏற்க மறுக்கும் இடத்தில் இருக்கு. அறிக்கை நமக்கு 3 லட்சம் என்ற எண்ணைக் கொடுக்கும். அந்த 3 லட்சத்தில் ஒருவர் ஏன் பின்வாங்காமல் புல்டோசர் முன்னால் போய் நின்றார் என்பதற்கு ஒரு சண்டே வேணும்.

அதே சமயம் தலைகீழாகவும் சொல்லணும். நாவல் மட்டும் படிச்சா சண்டே இறந்ததுக்கு அழுதுட்டுப் புத்தகத்தை மூடிடுவோம். மரோகோவில் வாடகைக்காரர்களுக்கு ஏன் எதுவும் கிடைக்கல என்ற கேள்விக்குப் பத்திரம், சட்டம், நில விலை எல்லாம் தெரியணும். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வச்சுப் படிங்க.

எங்கேர்ந்து ஆரம்பிக்கலாம்?

ஒரே ஒரு புத்தகம் படிக்க நேரம் இருந்தா, 'நோ லாங்கர் அட் ஈஸ்'. சின்னப் புத்தகம், ஒரு வார இறுதியில் முடிச்சிடலாம். படிக்கும்போது ஒரு துண்டுக் காகிதத்தில் ஓபியின் வரவையும் செலவையும் குறிச்சுக்கிட்டே வாங்க. எந்தப் பக்கத்தில் கணக்கு சிவப்புக்குப் போகுதுன்னு நீங்களே கண்டுபிடிப்பீங்க. அடுத்து எமெச்செட்டா. அதை மெதுவாப் படிங்க. எக்வென்சியை ரயில் பயணத்துக்கு வச்சுக்கோங்க, ஓட்டமா ஓடும்.

அடுத்த எபிசோடில் ஜோகன்னஸ்பர்க். சோஃபியாடவுன் என்ற குடியிருப்பு, 'டிரம்' என்ற பத்திரிகை, 1955 பிப்ரவரியில் அங்கே வந்து நின்ற லாரிகள். அங்கேயும் முதல் கேள்வி இதேதான்: யாருக்கு இந்த ஊரில் தங்க இடம் உண்டு?

சந்திப்போம்.